பனையில் ஏறிய தலைப்பாகை

சேரன்மகாதேவியில் பெரியவர்கள் முன்னிலையில் எவனும் தன் மனைவியைப் பற்றிப் பேசுவதில்லை. யாரும் விதித்ததில்லை, யாரும் மீறியதுமில்லை. ஆகவே எட்வர்டு சக்கரவர்த்தி காலமான வருஷத்து ஐப்பசியில், வெள்ளம் புரண்டோடிய தாமிரபரணியின் கரையில், தந்தை வைத்தியலிங்கம் பிள்ளைக்குப் பின்னால் நின்ற திருஞானசம்பந்தம் அக்கரைப் பனையைப் பார்த்தபடி வாய்மூடி நின்றான்.

அவன் மனைவி பிரம்மநாயகி தலைப்பிரசவத்துக்கு அக்கரையிலிருந்த பிறந்தகம் போயிருந்தாள். தோணி நின்றுவிட்டது. ரயிலடித் தந்தி கொழும்பு வரை பேசும், எதிர்க்கரையோடு பேசாது. இதை எதிர்பார்த்தே சம்பந்திகள் இருவரும் ஓர் ஏற்பாடு செய்திருந்தார்கள். ஆண் பிறந்தால் பனையுச்சி மூங்கிலில் வெள்ளை வேட்டி. பெண்ணென்றால் சிவப்புச் சேலை. தாயின் நிலையைச் சொல்ல அடையாளமில்லை. நல்லதற்கு ஒன்று வைத்தால் கெட்டதற்கும் வைக்க வேண்டும். அதை வாயால் சொல்லவே இருவரும் அஞ்சினார்கள். உடனிருந்த அவனும் கேட்கவில்லை. அவளுடைய அக்காள் தலைப்பிரசவத்தில்தான் இறந்தாள். குழந்தை மட்டும் பிழைத்தது.

மழை விட்டு வானம் வெறித்ததும் சிவப்புச் சேலை ஏறியது. மகாலட்சுமி வந்துவிட்டாளென்று வைத்தியலிங்கம் பிள்ளை எல்லோருக்கும் கருப்பட்டி வழங்கச் சொன்னார். அவனுக்கோ அந்தச் சிவப்பு பாதியில் நின்ற வாக்கியமாகத் தோன்றியது. கையிலிருந்த கருப்பட்டி வாய்க்குப் போகாமலே கசிந்து விரல்களில் ஒட்டியது.

சற்றுப் பொறுத்து, சேலைக்கு மேலே நீளமாக இன்னொரு துணி ஏறிற்று. பச்சை.

"ரெட்டப் பிள்ளையோ?" என்றார் பிள்ளை.

"ரெட்டன்னா இன்னொரு சேலையோ வேட்டியோல்லா ஏறும், ஐயா," என்றான் தோணிக்காரப் பூதத்தான். "பச்சையால்லா தெரியுது. கிளி பொறந்திருக்கோ என்னமோ."

கரையே சிரித்தது. திருஞானசம்பந்தம் சிரிக்கவில்லை.

"அது என் தலைப்பா," என்றான்.

பிள்ளை திரும்பினார். "ரயில்ல தொலைச்சிட்டேன்னியேலே?"

"தொலைக்கல. பிரம்மநாயகி கேட்டா, குடுத்தேன். அவ பெட்டிக்கு அடியில ஒளிச்சு வச்சிருந்தா, அவ அம்மைக்குக்கூடத் தெரியாது. அவளா எடுத்துக் குடுக்காம அது பனையில ஏறாது." அவன் பனையைக் காட்டினான். "அவ சொகமா இருக்கா, அப்பா."

யாரோ இருமினார்கள். பிள்ளை வெள்ளத்தைப் பார்த்தார். அவன் கரையில் கவிழ்த்திருந்த தோணியின் முதுகில் ஏறினான்.

"பைய லே, வழுக்கும்," என்றார் அவர்.

தலையில் சுற்றியிருந்ததை அவிழ்த்து, ஊரே பார்க்க, கருப்பட்டி ஒட்டிய கைகளால் அவன் வீசத் தொடங்கினான். அக்கரையில் பச்சை ஒருமுறை தாழ்ந்து, மறுபடி ஏறியது.