நெல்டா கேட்ட தவளை

என் அக்கா நெல்டா தன் புருஷன் கவகேசாவோடு பேச்சை நிறுத்தி ஒரு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. கிழங்கு வேகவைத்து அவன் தட்டில் வைப்பாள், சட்டையைத் துவைத்துக் காயப்போடுவாள். வாயை மட்டும் திறக்கமாட்டாள்.

காரணம் ஊருக்கே தெரியும். கோலோ ஓடைக் காடு எங்கள் அம்மாவழி நிலம். மரக் கம்பெனி ஆட்கள் வந்தபோது, "சும்மா பாத்துட்டுப் போக வந்திருக்காங்க" என்று அவளிடம் சொல்லிவிட்டு, மரம் வெட்ட அவர்களுக்குக் கையெழுத்துப் போட்டுக்கொடுத்தவன் அவன்தான். பிறகு அவர்களிடமே புல்டோசர் ஓட்டவும் போனான்.

அக்கா வயிற்றில் கட்டி வந்தது. கிசோ பட்டணத்து ஆஸ்பத்திரியில் பார்த்துவிட்டு, வீட்டோடு வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று கப்பலேற்றி எங்கள் தீவுக்கே அனுப்பிவிட்டார்கள். கவகேசா வேலையை உதறிவிட்டு அவள் பாயருகே உட்கார்ந்துவிட்டான். இளநீரை நீட்டினால்கூட அவள் முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

ஒருநாள் காலையில் அவன் அவளுக்கு நெற்றி துடைத்துக்கொண்டிருந்தபோது, "தவளை திங்கணும்போல இருக்கு" என்றாள்.

தன்னிடம்தான் சொன்னாளா என்று புரியாமல் அவன் என்னைப் பார்த்தான்.

"உன்கிட்டதான்யா சொல்றேன். காது அடைச்சுப்போச்சா?"

உடனே நாங்கள் இருவரும் கிளம்பிவிட்டோம்.

அவள் கேட்டது எங்கள் காட்டுத் தரைத்தவளை. காய்ந்த இலையின் நிறம், உள்ளங்கை கொள்ளாத உடம்பு. கோலோவில் இப்போது அடிக்கட்டைகளும் செம்மண் சேறும்தான். நிழல் இல்லாமல் தலை காய்ந்தது.

"புல்டோசர் சத்தம் போட்டுக் கூப்பிடு மச்சான், வந்தாலும் வரும்" என்றேன்.

அவன் மேலே ஏறினான். இரண்டு மலை தாண்டி, ரம்பம் படாத காட்டில் பொழுது சாயும் நேரத்தில், விழுந்து கிடந்த மரத்தடியில் கையை விட்டு ஒன்றைப் பிடித்தான். அன்று அவன் சிரித்ததைப் போல் கல்யாணத்தன்றுகூடச் சிரிக்கவில்லை.

மறுநாள் வீடு திரும்பியதும் அக்கா கூடைக்குள் கையை விட்டுத் தவளையின் வயிற்றைத் தடவிப் பார்த்தாள்.

"வயிறு முட்ட முட்டை வச்சிருக்கு."

"அடுப்பு மூட்டட்டுமா?"

"வேணாம். எங்க புடிச்ச?"

"கோலோவுக்கு அந்தாண்ட. ரெண்டு மலை தள்ளி."

இந்தத் தவளை குளத்துக்கோ ஓடைக்கோ போகாது. மரநிழலில் ஈரம் மாறாத மண்ணுக்குள் முட்டையிடும். தலைப்பிரட்டை என்பதே இல்லை. நகக்கண் அளவுக் குட்டித் தவளைகளாகவே முட்டையை உடைத்து வெளியே வரும். அக்காவுக்குக் குழந்தை தங்கியதில்லை.

"இங்க ஏது அந்த மாதிரி மண்ணு? எடுத்த எடத்துலயே கொண்டுபோய் விட்டுடு" என்று மட்டும் சொன்னாள்.

வெளியே வந்ததும் அவன் கையைப் பிடித்தேன். "மூச்சு எப்படி வாங்குறா பாத்தியா மச்சான்? கொப்பரைக் கொட்டகைக்குப் பின்னால விட்டுட்டு வா. மலையில விட்டுட்டேன்னு சொல்லிடு. அவளுக்குத் தெரியவா போகுது?"

கொட்டகைவரை போனான். கூடையைக் கீழே வைத்து மூடியைத் திறந்தான். அப்படியே நின்றான். பிறகு மூடித் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தான்.

"முடியலடா. சொன்ன ஒரு பொய்க்கே இந்தக் கதி. இன்னொண்ணையும் சொல்லிட்டு அவ மூஞ்சிய எப்படிப் பாப்பேன்?"

"நீ வர்றதுக்குள்ள ஏதாவது ஆயிடுச்சுன்னா?"

"ஆகாது. ஓடிப்போய் ஓடி வந்துடுவேன்."

சாயங்காலம் மழை பிடித்துக்கொண்டது. அக்கா கண்ணைத் திறந்தாள்.

"போயிட்டானா?"

"போயிட்டான்க்கா."

"கொட்டகைக்குப் பின்னாலயா?"

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. "இல்லக்கா. நெசமாவே மலைக்குத்தான் போயிருக்கான்."

பொய்யா என்று என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "பைத்தியக்காரன்" என்றாள். சற்றுப் பொறுத்து, "மழையில வழுக்குமே. ஏதாவது தின்னுட்டுப் போனானா?" என்று கேட்டாள்.

இல்லை என்றேன். அதற்குப் பிறகு அவள் பேசவில்லை. விடிந்து மழை வெறிப்பதற்குள் போய்விட்டாள்.

அவன் வரும்போது பெண்கள் அவளைக் குளிப்பாட்டிப் புதுப்பாயில் கிடத்தியிருந்தார்கள். தென்னைகளுக்கு அந்தப்பக்கத்திலிருந்தே அவன் குரல் கேட்டது.

"விட்டுட்டேன் நெல்டா! அதே மரத்தடியிலயே விட்டுட்டேன்!"

அழுதுகொண்டிருந்தவர்கள் அப்படியே நிறுத்திவிட்டார்கள். நான் படியில் போய் நின்றேன். அவன் என்னைப் பார்த்தான். என்னை விலக்கிக்கொண்டு உள்ளே போனான். முழங்கால்வரை சேறோடு அவளருகே உட்கார்ந்து, எந்த வழியாகப் போனான், எங்கே வழுக்கியது, கூடையைத் திறந்ததும் அது எப்படி மண்ணுக்குள் பதுங்கியது என்று ஒன்று விடாமல் அவளிடம் சொன்னான். நேரமாகிறது என்று யாரும் தடுக்கவில்லை.

அடக்கம் முடிந்து எல்லோரும் போன பிறகு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான்.

"என்னைப் பத்தி ஏதாவது சொன்னாளா?"

சொன்னேன். பைத்தியக்காரன் என்றதையும், தின்றானா என்று கேட்டதையும்.

"எப்படிச் சொன்னா? அவ மாதிரியே சொல்லிக் காட்டு."

இரண்டு முறை முயன்றேன். அப்படி இல்லை என்று அவன் தலையை ஆட்டினான். மூன்றாவது முறை கேட்டபோது எழுந்துபோய், கிழங்கு எடுத்து அவன் தட்டில் வைத்தேன்.