மா தோங்-சிக்கின் அந்தி வெயில்

மா தோங்-சிக் கேமராவை வைத்துவிட்டால், காட்சி எடுத்து முடியும்வரை சூரியன் மறையாது. சியோலில், சுங்முரோ தெருவில் சினிமாத் தொழில் பார்க்கிற அத்தனை பேருக்கும் இது தெரியும். லைட் வாடகைக்கு விடுகிறவர்கள் மட்டும் அவரைத் திட்டுவார்கள். தரையில் உட்கார்ந்திருப்பவரின் கண்மட்டத்துக்குக் கேமராவை இறக்கி, பாதி முகத்தை அந்தி வெயிலுக்கும் மீதியை இருட்டுக்கும் கொடுத்துவிடுவார். விருதுக்கு மேல் விருது. அவரோடு ஒரே நாளில் கேமரா உதவியாளராகச் சேர்ந்த, வயதில் மூத்த பியோ குவாங்-ஹோவுக்கு வயிறு எரிந்தது. பொய் சொல்லுவானேன், அந்த மனிதருக்கு வயிற்றில் எரிந்ததைத் தவிர வேறு வெளிச்சமே வாய்க்கவில்லை.

படம் தொடங்குமுன் கேமராவுக்கு எதிரே வேகவைத்த பன்றித் தலையை வைத்து எல்லோரும் விழுந்து கும்பிடுவோம். யாருக்கும் அடிபடக்கூடாது, படம் ஓடவேண்டும் என்று பொதுவாகத்தான் வேண்டிக்கொள்வது, தனக்கென்று கேட்கக்கூடாது. ஒரு வருஷம் அப்படிக் குனிந்த குவாங்-ஹோ லேசில் எழுந்திருக்கவில்லை. பன்றியின் காதோரம், "அவன் வெயில எனக்குக் குடுத்துடு சாமி, அவன் இருட்டுல கெடந்து சாகட்டும்" என்றார். பன்றி சிரித்தது. சிரித்த மூஞ்சிப் பன்றியாகப் பார்த்துத்தான் வாங்குவது வழக்கம் என்பதால் யாரும் பொருட்படுத்தவில்லை.

மறுநாளிலிருந்து அந்தி வெயில் குவாங்-ஹோவின் பின்னாலேயே வந்தது. அவர் எடுத்த படத்தைப் பார்த்து ஜனம் அழுதது. தியேட்டர் வாசலில் ஒரு பெண்மணி அவர் கையையே பிடித்துக்கொண்டு, "மா தோங்-சிக் கேமரான்னா மா தோங்-சிக் கேமராதான், என்னமா எடுத்திருக்காரு!" என்றாள். வெயில் போன தோங்-சிக்கோ ஒற்றை மெழுகுவத்தியை வைத்துப் படமெடுக்கத் தொடங்கினார், அதற்கும் விருது. குவாங்-ஹோ அவரைத் தேடிப்போய், "உன் வெயில நீயே வெச்சுக்கடா, அந்த இருட்டக் குடு" என்று சண்டை போட்டார்.

"இருட்டு எங்கதான் இல்ல? அள்ளிக்கங்க அண்ணே" என்றார் தோங்-சிக்.

எங்கே அள்ளுவது? போன இடமெல்லாம் வெயிலடித்தது.

இப்போது குவாங்-ஹோ தொழிலுக்குப் போவதில்லை. அடைமழையிலும் அவர் முற்றத்தில் மட்டும் வெயில் காய்வதால், தெருவே கிம்ச்சி ஊறுகாய்க்கான மிளகாயை அங்கேதான் காயப்போடுகிறது. "மூஞ்சியத் தூக்கி வெச்சிக்கிட்டு உக்காந்தது போதுங்க, மெளகாயக் கெளறிவிடுங்க" என்பாள் அவர் மனைவி யுன்-நே. போன மழைக்காலத்தில் தோங்-சிக் வீட்டு மிளகாய்ப் பாயும் வந்தது. குவாங்-ஹோ அதை மட்டும் சுவரோர நிழலுக்கு இழுத்துத் தள்ளினார். வெயில் நகர்ந்து போய் அதன்மேல் விழுந்தது. அவர் திட்டிக்கொண்டே கிளறிவிட்டார்.