எல்லை தாண்டிய குண்டு

ஆயுதத் தொழிற்சாலையில் எல்லோரும் அவரைப் ‘பீரங்கியார்’ என்றுதான் அழைத்தார்கள். குண்டு எங்கே விழுகிறது என்று அவர் ஒருநாளும் கவலைப்பட்டதில்லை. எவ்வளவு தூரம் போகிறது என்பதில்தான் உயிரையே வைத்திருந்தார். சாப்பிடும்போதுகூடக் கரண்டியைச் சாய்த்துப் பிடித்துக் கோணம் பார்ப்பார்.

ஒரு சோதனையில், அவருடைய புதுக் குழலிலிருந்து கிளம்பிய குண்டு திடலைத் தாண்டி, காட்டைத் தாண்டி, எல்லையையும் தாண்டி அண்டை நாட்டு வாத்துப் பண்ணைக் குளத்தில் விழுந்தது. வெடிமருந்து இல்லாத வெற்றுக் குண்டு என்பதால் வாத்துகள் தப்பின. அரசாங்கத்தின் மானம் தப்பவில்லை.

“யாரைக் கேட்டுய்யா அங்க விட்டீங்க?” என்று அமைச்சர் கத்தினார்.

“இவ்ளோ தூரம் போகும்னு நானே எதிர்பார்க்கல சார்,” என்றார் பீரங்கியார், முகமெல்லாம் பல்லாக. அந்தச் சிரிப்புதான் வேலைக்கு உலை வைத்தது.

அண்டை நாட்டுத் தளபதி உடனே ஆள் அனுப்பி அவரை வரவழைத்தார். குளத்தில் எடுத்த குண்டைத் துடைத்துத் தன் மேசைமேல் வைத்திருந்தார்.

“எங்க ஆளுங்க செய்றது வேலியைக்கூடத் தாண்டாது. உங்களுக்கு என்ன வேணும், கேளுங்க.”

“இன்னும் நீளமான குழல்.”

மனைவியோடு குடிபெயர்ந்தார். பழைய நாட்டுப் பத்திரிகைகள் அவரைத் துரோகி என்றன. புது நாட்டுப் பத்திரிகைகள் உளவாளியாக இருக்குமோ என்றன. அவர் எதையும் படிக்கவில்லை.

ஒருநாள் தேநீர் கொண்டுவந்த மனைவி, மேசையில் விரித்திருந்த வரைபடத்தைப் பார்த்தாள். சிவப்பு வட்டத்துக்குள் பழைய நாட்டு ஊர் ஒன்று.

“என்னங்க, இது அக்கா ஊருதானே?”

“ஆமா. பழைய குழலுக்கு எட்டல. இப்ப எட்டிடும்!”

தேநீரைத் திருப்பி எடுத்துக்கொண்டு போனவள், அதோடு பேச்சையும் நிறுத்திவிட்டாள்.

அன்று மாலை, மனைவி சொல்லிக் கேள்விப்பட்ட அக்கா கணவரே போன் செய்தார். பயந்த சுபாவம், ஆனால் மரியாதைக்காரர்.

“தப்பா நெனைக்காதீங்க சகலை. விடுறதா இருந்தா முன்னாடியே ஒரு வார்த்தை சொல்லிடுங்க. மாடியில துணி காயப்போடுவோம்.”

பீரங்கியார் சிரிக்கப் பார்த்தார், வரவில்லை. தூரத்தின் மறுமுனையில் ஒரு வீடு இருப்பது முதல்முறையாக அவர் கண்ணில் பட்டது. அதன் மாடியில் சகலையின் கட்டம்போட்ட சட்டை காற்றில் ஆடியது.

மறுநாள் வேலையிடத்துக்குப் போனார். புதுக் குழலுக்கு அடித்தளம் தோண்டக் காத்திருந்தவர்களிடம், திசையைச் சொல்லும் வரைபடத்தை வேறு பக்கம் பார்க்கும்படி மாற்றிக் கொடுத்தார். கான்கிரீட் இறுகியது.

வெள்ளோட்டத்தன்று குண்டு கடலுக்குமேல் பறந்து, காவல் படகுகளையெல்லாம் தாண்டிப் போய் விழுந்தது. தளபதி அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்.

“அபாரம்! இப்ப எல்லைப் பக்கம் திருப்புங்க.”

“திருப்ப முடியாது சார். இவ்ளோ பெரிய குழல், கட்டின பக்கம்தான் பார்க்கும்.”

“அப்ப நான் மீனோடயா சண்டை போடறது?”

இரண்டாவது வேலையும் போயிற்று. இவர் முட்டாளா, தந்திரக்காரரா என்று விசாரணைக் குழு மண்டையை உடைத்துக்கொண்டது. “ரெண்டுக்கும் நடுவுல ஏதாவது எழுதிக்குங்க,” என்றார் அவர்.

வீட்டுக்கு வந்தவருக்கு மனைவி தானே பரிமாறினாள். “இப்ப எங்கங்க போறது?”

எங்கும் போகவேண்டி வரவில்லை. பெயர்க்கவும் முடியாத, விற்கவும் முடியாத அந்தக் குழலை வானிலைத் துறை கேட்டு வாங்கிக்கொண்டது. அதை இயக்கத் தெரிந்தவர் இவர் ஒருவர்தான். இப்போது கருவிகளை மேகத்துக்குள் சுட்டு அனுப்புகிறார். எவ்வளவு உயரம் போயிற்று என்று தினமும் மனைவியிடம் சொல்லிச் சொல்லிப் பூரித்துப்போகிறார்.

“உயரம் இருக்கட்டும். மழை வருமா, வராதா?” என்கிறாள் அவள்.

அது தன் வேலையில்லை என்கிறார்.