இடப்பக்கம் தாழ்ந்த படகு

அக்டோபர் மூன்றாம் வாரத்தில், ஏரி உறைவதற்குமுன், அதிலிருந்து படகை வெளியே எடுக்கும் வேலை நாற்பது ஆண்டுகளாக வெண்டலுடையது. இந்த ஆண்டு அது அவன் மனைவி ஆர்டிஸின் தலையில் வந்து விடிந்தது. அறுபத்தேழு வயதில், சில்லிட்ட நீரில் முழங்கால் ஆழத்தில் நின்றுகொண்டு, பான்டூன் படகின் இரண்டு அலுமினிய மிதவைகளும் டிரெய்லரில் சரியாக அமர்ந்துவிட்டனவா என்று பார்த்தாள். காலையிலிருந்து படகுத்துறைப் பலகைகளைக் கழற்றிச் சுமந்ததில் தோள்கள் இற்றுப்போயிருந்தன. வெண்டல் சாம்பல்நிறக் கம்பளிக் கோட்டின் பைக்குள் கைகளை விட்டபடி கரையில் நின்றான்.

டிரக்கை ஓட்டியவள் மகள் கிரெட்டா. டுலூத் நகரத்திலிருந்து இதற்காகவே வந்திருந்தாள். செப்டம்பரில் வெண்டல் அடுப்பை அணைக்க மறந்து சமையலறைத் திரை கருகியதிலிருந்து அவள் சொல்லிவருவது ஒன்றுதான்: இன்னும் ஒரு மறதி, அவ்வளவுதான், ஏரிக்கரை வீட்டைப் பூட்டிவிட்டு, பனி விழுமுன் இருவரும் அவளோடு நகரத்துக்கு வந்துவிட வேண்டும். ஆர்டிஸ் சம்மதித்திருந்தாள். மறுத்துப் பேச அப்போது தெம்பில்லை.

டிரக் முனகியது. படகு வழக்கத்தைவிடக் கனத்தது. சரிவில் ஏறியதும் இடப்பக்க மிதவையின் பின்முனைத் துளையிலிருந்து நீர் பெருவிரல் பருமனுக்குப் பீறிட்டது.

அந்தத் துளையின் பித்தளை அடைப்பானைக் கழற்றத்தான் ஆர்டிஸ் குறடோடு குனிந்திருந்தாள். ஓர் ஏரியின் நீரை இன்னொன்றுக்குச் சுமந்து போகக் கூடாதென்பதால், படகு சாலையேறுமுன் அடைப்பானைக் கழற்றிவிட வேண்டும் என்பது சட்டம். வசந்தத்தில் படகை இறக்குமுன் மறுபடி திருகிவிட வேண்டும். இப்போது கழற்றுவதற்கு அங்கே எதுவுமே இல்லை.

கோடை முழுவதும், தடுப்புகளால் பிரிக்கப்பட்ட மிதவையின் பின்னறை மட்டும் நீர் நிரம்பியே கிடந்திருக்கிறது என்பது அவளுக்குப் புரிந்தது. அந்தச் சாய்வைச் சமன்செய்யத்தான் வந்தவர்களையெல்லாம் வெண்டல் வலப்பக்கம் முன்னால்தான் உட்கார வைத்தான். ஐஸ் பெட்டியும் அங்கேதான். பக்கத்து வீட்டு டுவேனின் தொப்பைக்கு அதுவே தகுந்த இடம் என்று அவன் கேலி செய்தபோது எல்லாரோடும் சேர்ந்து அவளும் சிரித்திருந்தாள்.

கிரெட்டா ஜன்னல் வழியே தலையை நீட்டினாள். "என்னம்மா, அவ்வளவு தண்ணி வருது?"

"அடைப்பானைக் கழட்டிட்டேன்," என்றாள் ஆர்டிஸ். யோசிக்குமுன் பொய் வாயில் வந்துவிட்டது.

"சரி, அதை இங்க குடு. படகுச் சாவியில கோத்து வெச்சிடறேன்."

அந்த ஏரியில் எல்லாரும் அப்படித்தான் செய்வார்கள். சாவியை எடுத்தால் அடைப்பான் நினைவுக்கு வந்துதானே ஆக வேண்டும். வெண்டல் மட்டும் தன் கோட்டுப் பையே போதும் என்று அவர்களை ஏளனம் செய்துவந்தவன்.

அவன் மெல்ல இறங்கி வந்தான். கையுறையைக் கழற்றியிருந்த அவள் உள்ளங்கையில் எதையோ வைத்து மூடினான். பித்தளை வெதுவெதுப்பாக இருந்தது.

"எப்பத்திலேருந்து தெரியும்?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"ஜூன்லேருந்து. பையில கைய விட்டேன், இருந்துச்சு."

"சொல்லித் தொலைச்சிருக்கலாமில்ல?"

"அப்புறம் அடுப்பு வேற ஆயிடுச்சு. ரெண்டையும் சேத்து எண்ணுவீங்க."

கோபப்படுவதற்கும் உடம்பில் கொஞ்சம் தெம்பு மிச்சமிருக்க வேண்டும். மறந்ததை மறைக்க நான்கு மாதங்கள் ஒவ்வோர் இருக்கையையும் நினைவில் வைத்திருந்த மனிதனை எந்தக் கணக்கில் சேர்ப்பது என்று அவளுக்கு விளங்கவில்லை. டிரக்கை நோக்கி நடந்து, அடைப்பானை ஜன்னலுக்குள் நீட்டினாள்.

கிரெட்டா அடைப்பானை விரல்களில் உருட்டினாள். மரையின் இடுக்கில் சாம்பல்நிறக் கம்பளிப் பிசிறு சிக்கியிருந்தது.

"இது காஞ்சு கெடக்கேம்மா."

இரண்டாவது பொய்க்கு ஆர்டிஸிடம் வலுவில்லை. கதவில் சாய்ந்து நின்றாள். பக்கக் கண்ணாடியில் வெண்டல் தெரிந்தான். மிதவையின் கீழே குந்தி, கொட்டும் நீருக்கு உள்ளங்கையை ஏந்தியிருந்தான், அவசரப்படுத்தினால் அது சீக்கிரம் வடிந்துவிடும் என்பதுபோல.

கிரெட்டா கண்ணாடியையே நெடுநேரம் பார்த்தாள். பிறகு நகத்தால் பிசிறை நெண்டி எடுத்துவிட்டு அடைப்பானைச் சாவி வளையத்தில் கோத்தாள்.

"வசந்தத்துல நான் வந்து திருகறேன். அதுவரைக்கும் படகை இறக்கக் கூடாது. அடுப்புக்கும் ஏதாவது வழி பண்ணணும். அப்பாகிட்ட சொல்லிடு."

வசந்தம் என்ற சொல்லுக்குள் இந்த வீட்டின் முழுக் குளிர்காலம் ஒன்று அடங்கியிருப்பது ஆர்டிஸுக்குத் தாமதமாகத்தான் உறைத்தது. கூடவே விறகும், வாசலில் அள்ள வேண்டிய பனியும், நாளுக்குப் பத்துமுறை எட்டிப் பார்க்க வேண்டிய அடுப்பும் நினைவுக்கு வந்தன.

"நீயே சொல்லு," என்றாள். "நான் கொஞ்சம் உக்காரணும்."

டிரக்கின் படியில் அமர்ந்து காலணிகளுக்குள் புகுந்திருந்த நீரைக் கவிழ்த்தாள். பின்னால் மிதவை இன்னும் ஒழுகிக்கொண்டிருந்தது. எப்படியும் அரைமணி நேரமாகும்.