பையை யார் தைத்தது?

1

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன்: இந்தக் கதை எனக்கு ஓசியில் கிடைத்தது. ஐரோப்பியக் கதைமாந்தருக்கு ருஷ்ய நாட்டுப்புறக் கதைகளில் யார் யார் ஜோடி என்று ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருந்தேன். மிட்டாய் வீட்டுச் சூனியக்காரிக்கு அங்கே கோழிக்கால்மேல் நிற்கும் குடிசையின் கிழவி. கண்ணாடிச் செருப்புக்காரிக்கு, செத்துப்போன தாய் கொடுத்த பொம்மையைப் பையில் வைத்துக்கொண்டு திரியும் பெண். இரண்டிலும் மாற்றாந்தாய் பொல்லாதவள். செம்பூர்ப் பள்ளி ஒன்று அந்தப் பொம்மைக் கதையை நாடகமாகப் போடுகிறது என்று கேள்விப்பட்டு, உடையைப் பார்க்கத் தாராவியில் ஒரு நாடக உடை வாடகைக் கடைக்குப் போனேன்.

2

தாராவியில் ஒரு கொடுமைக்காரி இருந்தாள். பெயர் பீவி. தினமும் அந்தச் சிறுமியை—

(இந்த வரி வேண்டாம். கதைக்குப் பொல்லாதவள் ஒருத்தி தேவைப்பட்டாள், பீவி ஒத்துழைக்கவில்லை.)

3

பீவி அந்தக் கடையின் தையல்காரி. உதுமானுக்கு இரண்டாம் தாரமாக வந்து ஏழு மாதம். மூத்தவளின் மகள் மெஹக், ஒன்பது வயது, இன்றுவரை அவளை எதுவும் சொல்லி அழைத்ததில்லை. நாடகத்தில் மெஹக்தான் கதாநாயகி.

தெரியாத பாத்திரத்துக்கு ஆர்டர் வந்தால், தொங்கும் உடைகளில் கிட்டத்தட்ட ஒத்துப்போவதை இறக்கிக் கொடுப்பது கடை வழக்கம். பீவி கண்ணாடிச் செருப்புக்காரியின் நீலக் கவுனை இறக்கினாள். மெஹக் போட்டுக்கொண்டு இரண்டு பக்கமும் தடவினாள். பை இல்லை. உம்மா கொடுத்த பொம்மையை எங்கே வைப்பது என்று கேட்டாள்.

(சொன்னது கதையில் வரும் தாயையா, தன் தாயையா? அவள் கையிலிருந்த பிளாஸ்டிக் பொம்மை பெற்றவள் வாங்கித் தந்தது.)

பீவி மெஷினில் உட்கார்ந்து பை தைத்தாள். மெஷின்மேல் ஒரு துணிப் பொம்மை கிடந்தது. மெஹக்குக்காக அவள் வெட்டுத்துண்டில் செய்தது, கொடுக்கத்தான் பயம். தைத்தபடியே என்னிடம் கேட்டாள்:

“பொம்மைய உம்மா குடுத்தா, சரி. பைய யாரு தச்சா? கதையில போட்டிருக்கா?”

4

நான் படித்தவரை இல்லை. இத்தனை ஜோடி பொருத்திய எனக்கு அது தோன்றவே இல்லை. வெட்கமாக இருந்தது.

5

ஒரு முடிவு: மெஹக் ‘சின்னம்மா’ என்று ஓடிவந்து கட்டிக்—

(கூசுகிறது.)

நடந்தது இதுதான். மெஹக் பைக்குள் கைவிட்டுப் பார்த்தாள்.

“ரொம்ப சோட்டாவா இருக்கு. ரெண்டு வைக்கணும்.”

பீவி தையலைப் பிரித்தாள். இரண்டாவது என்ன என்று கேட்க அவளுக்குத் தைரியம் வரவில்லை. எனக்கும்தான். கதைப் பெண் தன் பொம்மைக்கு ரொட்டி ஊட்டுவாள். மெஹக் நினைத்தது அந்த ரொட்டித் துண்டாகவும் இருக்கலாம். துணிப் பொம்மையும் அங்கேதான் கிடந்தது.

பை இப்போது ஆறு விரல் அகலம். பிளாஸ்டிக் பொம்மை உள்ளே போய்விட்டது. இன்னொன்றை நீங்கள் வையுங்கள்.