முற்றத்துக்கு ஒரு மேகம்

ஈஸ்டருக்கு நான்கு நாள் இருந்தது. போலந்தின் வூட்ச் நகரத்துப் பழைய குடியிருப்பு ஒன்றின் முற்றத்தில், ஒரு வாரமாக மேகமூட்டத்தில் எடுத்துவந்த பிரிவுக் காட்சிக்கு ஒரே ஒரு ஷாட் பாக்கி. இன்றைக்குப் பார்த்து வெயில் கொளுத்தியது.

பதினொரு வருடம் அடுத்தவர் கேமராவுக்கு ஃபோக்கஸ் பார்த்த லுதோமிருக்கு, ஒளிப்பதிவாளராக இதுதான் முதல் படம்.

"மத்தியானத்துக்குள்ள முடிச்சாகணும். இல்லன்னா தயாரிப்பாளருங்க நாளைக்கு உனக்குப் பதிலா வேற கேமராமேன அனுப்புறாங்களாம்," என்றார் இயக்குநர் தோபியாஷ். "வானத்தோட பேசிப் பாரேன்யா."

லுதோமிர் அண்ணாந்து பார்த்தான். எதிரெதிர் ஜன்னல்களுக்கிடையே முதல் மாடி உயரத்தில் துணிக்கொடிகள் ஓடின. பண்டிகைக்காக வீடு வீடாகத் துவைத்துக்கொண்டிருந்தார்கள்.

"அம்மாமாரே! வெள்ளைப் படுக்கை விரிப்பு இருந்தா, வெயில் மறைய கொடி மேல பந்தல் மாதிரி விரிங்க!" என்று ஜன்னல்களைப் பார்த்துக் குரல் கொடுத்தான்.

சொல்லி வாய் மூடுவதற்குள் பந்தல் தயார். கேமராவில் கண் வைத்தவன் திடுக்கிட்டான். கதாநாயகியின் கன்னத்தில் ஒரு ரோஜாப்பூ, நெற்றியில் யாருடைய பெயரின் முதலெழுத்தோ. அத்தனை பேரும் கல்யாணச் சீராக வந்த பூவேலை விரிப்புகளைத்தான் எடுத்துப் போட்டிருந்தார்கள். பூவெல்லாம் அவள் முகத்தில் நிழலாக விழுந்திருந்தது.

"இது வேண்டாம்மா. துவைச்சுத் துவைச்சு நைஞ்சுபோனது வேணும்."

"நைஞ்சதா? எங்க வீட்டுலயா?" ஒரு ஜன்னலிலிருந்து கெனொவேஃபா சீறினாள். "எதிர்வீட்டு லுட்விகாகிட்ட கேளுங்க."

"நீ இரவல் வாங்கி நைய வச்சதத்தான கேக்கச் சொல்ற?" என்றாள் லுட்விகா.

முற்றம் சிரித்தது. ஆனால் ஒரு கந்தல்கூட வெளியே வரவில்லை. மணி பதினொன்றரை.

லுதோமிர் மெதுவாகச் சொன்னான்: "எங்க வீட்டுல நைஞ்சது மட்டும்தாம்மா இருக்கு. ஓட்டை வழியா மெத்தை எங்களப் பாக்கும். வீடு பக்கத்துல இருந்தா உங்கள ஏன் கேக்கப்போறேன்?"

கெனொவேஃபாவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. உள்ளே போய், மூன்று ஒட்டுப்போட்ட விரிப்பொன்றைக் கொண்டுவந்தாள்.

"இது என் மாமியாரோடது. என்னுது இல்ல!"

அவ்வளவுதான். எல்லா ஜன்னல்களிலிருந்தும் மாமியார்களின் விரிப்புகள் இறங்கின. முற்றத்தில் வெளிச்சம் பாலாகப் பரவியது. ஒட்டுகள் மட்டும் ஓரத்துக்குத் தள்ளப்பட்டன. ஒரே டேக்.

"எங்க விரிப்பு படத்துல எந்த இடத்துல வருது?" என்று கேட்டாள் லுட்விகா.

"வராதும்மா. அது வழியா வர்ற வெளிச்சம் மட்டும்தான் வரும்."

"இதுக்கா என் மாமியார் மானத்த வாங்கினேன்!" என்று தலையில் அடித்துக்கொண்டாள் கெனொவேஃபா.

தோபியாஷ் சிரித்துவிட்டு லுதோமிர் பக்கம் திரும்பினார்.

"நாளைக்குக் காலையில ஆறு மணிக்கு ரயில்வே ஸ்டேஷன்ல ஷூட்டிங். லேட்டா வராதய்யா."

லுதோமிர் முகமெல்லாம் சிரிப்பாக, விரிப்புகளை மடித்துக் கொடுக்க மாடியேறினான்.