கொழுந்தன் பேரில் வீடு

என் மாமனார் கண்ணை மூடியதும் அண்ணன் தம்பி சண்டை ஆரம்பித்துவிட்டது. வீடு ஒன்று, பிள்ளைகள் மூன்று. மூத்தவருக்கும் என் வீட்டுக்காரருக்கும் தெருவைப் பார்த்த முன்பகுதிதான் வேண்டும். எனக்கும் அதுதான் வேண்டும், பொய் சொல்வானேன்? முன் அறையில்தான் என் தையல் கடை. அது போனால் என் பிழைப்பே போச்சு.

வக்கீல் ஆபீசுக்கு நடையாய் நடந்து செருப்பு தேய்ந்ததுதான் மிச்சம். இரண்டு பேரும் முகம் பார்த்துப் பேசுவதில்லை. காலையில் ஒரே குளியலறை வாசலில் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பார்கள். கடைசியில் மூத்தவர்தான் சொன்னார்: "என் பேரும் வேணாம், உன் பேரும் வேணாம். சின்னவன் பேர்ல போட்டுடுவோம். பேருக்குத்தானே!"

சின்னவன் என் கொழுந்தன். கல்யாணம் ஆகவில்லை. மாடிப்படிக்குக் கீழே படுக்கை. வாயில்லாப்பூச்சி. இன்னும் கொஞ்சம் சோறு வேண்டுமென்றால்கூடக் கேட்க மாட்டான், நானாகப் பார்த்துப் போட்டால் உண்டு.

"இது சரியா வராதுங்க" என்றேன்.

"உனக்கு யாரப் பாத்தாலும் சந்தேகம். அவனாவது, நம்மளக் கவுக்கறதாவது!" என்று என் வீட்டுக்காரர் சிரித்தார். மூத்தவரும் கூடச் சேர்ந்து சிரித்தார்.

இரண்டு பேரும் தங்கள் பங்கைத் தம்பிக்கு விட்டுக்கொடுத்துப் பத்திரம் பதிந்தார்கள். அப்புறம் பட்டா மாற்றும் ஆபீஸ். கிளார்க் தாள்களைப் புரட்டிவிட்டு நிமிர்ந்தார்.

"மொத்தமும் இவர் ஒருத்தர் பேருக்கா?"

"சும்மா பேருக்குத்தான் சார்" என்றார் மூத்தவர்.

"பேருக்குன்னு எங்ககிட்ட தனியா எதுவும் கிடையாதுங்க. மாத்தினா அவருக்குத்தான். யோசிச்சுக்கங்க."

மூத்தவரும் என் வீட்டுக்காரரும் ஒருவரையொருவர் ஓரக்கண்ணால் பார்த்தார்கள். பின்வாங்குகிறவன் தோற்றவன் ஆகிவிடுவானே! இரண்டு பேரும் "மாத்துங்க" என்றார்கள். பாழாய்ப்போன வீம்பு.

பட்டா வந்த மறுநாள் சின்னவன் என் அறைக்கு வந்தான். "அண்ணி, உங்க டேப்பக் கொஞ்சம் குடுங்க." கொடுத்தேன். கூடம், சமையலறை, மாடி எல்லாம் அளந்தான். என் மெஷினைச் சுற்றியும் அளந்தான். "எதுக்குப்பா?" என்றேன். டேப்பைச் சுருட்டி மெஷின் மேல் வைத்துவிட்டுப் போனான். அப்புறம் மொட்டைமாடிக் கதவுக்குப் புதுப் பூட்டு வந்தது. சாவி அவனிடம். மின்சார பில்லும் வரிச் சீட்டும் அவன் பேருக்கு மாறின. ஒரு வார்த்தை சத்தமாகப் பேசவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. கத்துகிறவனிடம் நானும் கத்துவேன், இவனிடம் என்ன செய்வது?

மூத்தவருக்கு முதலில் நோட்டீஸ் வந்தது, வீட்டைக் காலி செய்யச் சொல்லி. தாம்தூம் என்று குதித்தார். வக்கீல் ஒரே கேள்விதான் கேட்டாராம்: "கையெழுத்து உங்களுதுதானே?" ஒருநாள் காலையில் லாரி வந்தது. அவர் பெண்டாட்டி அழுதுகொண்டே ஏறினாள். சின்னவன் வாசலில் நின்று கேட்டை அகலமாகத் திறந்துவிட்டான், கட்டில் இடிக்காமல் போக.

என் வீட்டுக்காரருக்கு அன்று ஒரே குஷி. "போட்டி ஒழிஞ்சது, முன்பகுதி நமக்குத்தான்" என்றார். இந்த மனுஷனைக் கட்டிக்கொண்டு நான் என்ன பாடுபடுகிறேன் என்று தலையில் அடித்துக்கொண்டேன்.

நேற்று மத்தியானம் நான் ரவிக்கை தைத்துக்கொண்டிருந்தேன். அவர் துணி மடித்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். சின்னவன் வந்து, வாடிக்கையாளர் உட்காரும் நாற்காலியில் உட்கார்ந்தான். என் எதிரில் அவன் உட்கார்ந்ததே அதுதான் முதல் தடவை.

"அண்ணி, நீங்க இங்கயே இருங்க. இந்த ரூம் உங்களுக்குத்தான், எழுதியே குடுக்கறேன்" என்றான். குரலில் கோபமே இல்லை. "அண்ணன் மட்டும் போகட்டும்."

"என்னடா உளர்ற?" என்று அவர் எழுந்தார். சின்னவன் அவர் பக்கம் திரும்பவே இல்லை.

"நாளைக்குச் சொல்லுங்க அண்ணி" என்று எழுந்து போனான்.

'சீ, போடா' என்று அந்த நொடியே நான் சொல்லியிருக்க வேண்டும். நாக்கு நுனி வரை வந்தது. ஆனால் என் கை மெஷின் மேல் இருந்தது. இந்த வயதில், எந்தத் தெருவில் போய், எந்த வாசலில் இதை மறுபடி போடுவேன் என்று மனசு கணக்குப் போட ஆரம்பித்துவிட்டது. ஒரு நிமிஷம்தான் இருக்கும்.

தலை நிமிர்ந்தேன். என் வீட்டுக்காரர் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.